பெட்டியில் தனியாகக் கிடந்த வோட்டு

எண்ணும்போது யார் யார் இருந்தார்கள் என்பதை முதலில் சொல்ல வேண்டும். இந்த வேலையில் அதுதான் முறை.

பெட்டிக்குப் பொறுப்பாக நான்.

கிளார்க்காகப் பரீதா. ஸ்காபரோவின் வோபர்ன் பகுதியில் கணவரோடு தையற்கடை வைத்திருந்தவர். யாழ்ப்பாணத்து முஸ்லிம். என்னைவிட இளையவர்.

ஒரு வேட்பாளரின் ஏஜென்ற்றாகக் குகன். எண்ணுவது ஒழுங்காக நடக்கிறதா என்று வேட்பாளருக்காகப் பார்க்க வருகிறவர்தான் ஏஜென்ற். மற்ற இரண்டு வேட்பாளர்களும் ஆள் அனுப்பவில்லை. அந்தப் பெட்டிக்கு ஆள் அனுப்புவது வீண் என்று நினைத்திருப்பார்கள்.

சக்கர நாற்காலியில் ஒரு வெள்ளைக்கார அம்மா. அவருக்கும் எண்ணுவதற்கும் தொடர்பு இல்லை. அன்று அந்த அறையில் பிங்கோ விளையாடும் நாள். எங்கள் பெட்டி வந்ததால் பிங்கோவை நிறுத்திவிட்டார்கள். அவரிடம் சொல்லியும் இருந்தார்கள். அவர் நம்பவில்லை. காலையில் வந்து இருந்தார். மத்தியானம் சாப்பிட்டுவிட்டு வந்து இருந்தார். எண்ணும்போதும் இருந்தார்.

அங்கேயே வசித்த கதிரவேலர் என்ற முதியவர் அந்த அறையில் இல்லை. ஆனால் நடைபாதையின் முடிவில் அவருடைய கதவு திறந்திருந்தது. அவரையும் சேர்த்துக்கொள்ளுங்கள்.

தேர்தல் வேலைக்குப் புதிதாக வருகிற உங்களுக்கு ஏதாவது எழுதித் தரச் சொன்னார்கள். நான் எட்டாம் வகுப்போடு நின்றவன். எழுதிப் பழக்கம் இல்லை. பெட்டிக்கு எப்படி முத்திரை ஒட்டுவது, சீட்டை எப்படி மடிப்பது என்பதெல்லாம் வகுப்பில் காட்டுவார்கள். வகுப்பில் சொல்லாத ஒன்றைச் சொல்லுகிறேன்.

தொண்ணூறுகளின் நடுவில் வந்த மாகாணத் தேர்தல். கோடை தொடங்கியிருந்தது. ஸ்காபரோவில் ஒரு முதியோர் பராமரிப்பு இல்லம். தமிழர் சிலரும் அங்கே இருக்கிறார்கள் என்று என்னையும் பரீதாவையும் அனுப்பினார்கள். நான் அப்போது பிளாஸ்ரிக் தொழிற்சாலையில் வேலை. ஒரு நாள் லீவு எடுத்துக்கொண்டு போனேன். அதற்கு முன் நகரசபைத் தேர்தலில் மொழிபெயர்க்க மட்டும் போயிருந்தேன். பெட்டிக்குப் பொறுப்பாக அதுதான் முதல் தடவை.

அதற்கு முந்திய வருடம்தான் எனக்கு இந்த நாட்டுக் குடியுரிமை கிடைத்திருந்தது. ஊரில் ஒரேயொரு தடவை வோட்டுப் போடப் போனேன். என் பெயரில் யாரோ ஏற்கெனவே போட்டுவிட்டார்கள் என்றார்கள். அங்கே அது புதுமை இல்லை. திரும்பி வந்துவிட்டேன். பிறகு போகவில்லை. நாற்பது வயதைத் தாண்டியும் ஒரு வோட்டும் போடாதவன் நான். என்னிடம்தான் பெட்டியைக் கொடுத்தார்கள்.

இந்த வேலை செய்கிறவர்களுக்குத் தங்கள் இடத்துக்குப் போய் வோட்டுப் போட நேரம் கிடைக்காது. அதனால் வேலை செய்கிற பெட்டியிலேயே போடலாம் என்று ஒரு அனுமதித் துண்டு தருவார்கள். எனக்கும் பரீதாவுக்கும் தந்திருந்தார்கள். நான் அதைச் சட்டைப் பையில் வைத்திருந்தேன். பின்னேரம் ஆறுதலாகப் போடலாம் என்று இருந்தேன். இவ்வளவு காலம் பொறுத்தவனுக்கு ஒரு நாளில் என்ன அவசரம்.

வோட்டுச் சீட்டில் மூன்று பெயர்கள். மேலே ஒன்று, நடுவில் ஒன்று, கீழே ஒன்று. பெயர்கள் இங்கே வேண்டாம். நான் மேலே இருந்தவருக்குப் போட முடிவு செய்திருந்தேன். நடுவில் இருந்தவருக்கு ஒருநாளும் போடமாட்டேன் என்றும் முடிவு செய்திருந்தேன். முன்பு நான் இருந்த தொழிற்சாலையில் ஆட்களை வேலையிலிருந்து நிறுத்தியபோது நாங்கள் கொஞ்சப் பேர் உதவி கேட்டு அவரிடம் போனோம். வாசலில் வைத்தே கை கொடுத்தார். எங்களோடு நின்று படம் எடுத்துக்கொண்டார். அனுப்பிவிட்டார். படம் அவருடைய துண்டுப் பிரசுரத்தில் வந்தது. வேலை வரவில்லை.

குகன் அந்த நடுவில் இருந்தவருடைய ஏஜென்ற்.

காலையில் வெறும் பெட்டியைத் திறந்து காட்டி முத்திரை ஒட்டும்போதே குகன் வந்துவிட்டார். கோட் போட்டிருந்தார். கையில் கோப்பியும் ஒரு பெட்டி டோனட்டும். எங்களுக்காம். நான் வேண்டாம் என்றேன். ஏஜென்ற் தருவதைச் சாப்பிடக் கூடாது என்று வகுப்பில் சொல்லியிருந்தார்கள். பரீதா டோனட்டைப் பார்த்தார்.

“நான் இண்டைக்கு நோன்பு எண்டு சொல்லுங்கோ அண்ணை,” என்றார்.

“நோன்பு மாசம் இல்லையே,” என்றார் குகன்.

“இந்த அண்ணையோட வேலை செய்தா எல்லா மாசமும் நோன்புதான்.”

குகன் சிரித்தார். கெட்ட மனிதர் இல்லை. சனங்களோடு நன்றாகப் பழகுவார். எங்கள் ஆட்களுடைய வோட்டெல்லாம் தன் கையில் என்று அந்த வேட்பாளரிடம் சொல்லி வைத்திருந்தார். அன்று முழுவதும் தன் வான் வண்டியில் ஆட்களை ஏற்றி இறக்கப் போகிறாராம். முதலில் இங்கே தன்னுடைய மாமாவின் வோட்டு. அதற்காகத்தான் வந்தாராம். போய் மாமாவைக் கூட்டி வந்தார்.

அவர்தான் கதிரவேலர். குகனுடைய மனைவியின் தகப்பன். பிடித்து நடக்கிற வோக்கரைத் தள்ளிக்கொண்டு வந்தார். அதன் கால்களில் ரெனிஸ் பந்து மாட்டியிருந்தது. வெள்ளைச் சட்டை, மடிப்புக் கலையாத காற்சட்டை. தலைமயிரைப் படியச் சீவி இழுத்திருந்தார். கலியாண வீட்டுக்குப் போகிற ஆள் மாதிரி இருந்தார்.

அந்த இல்லத்தில் வோட்டுப் போட விரும்பியவர்களை ஒரு கிழமைக்கு முன்பே பஸ்ஸில் ஏற்றிக்கொண்டு போய் முன்கூட்டியே போட வைத்துவிட்டார்கள். கதிரவேலருக்கு அன்று டயாலிசிஸ். அதனால் போகவில்லை. இது எங்களுக்கு அப்போது தெரியாது. கொஞ்சப் பேராவது வருவார்கள் என்று நினைத்து நிறையப் பென்சில் சீவி வைத்திருந்தோம்.

சீட்டைக் கொடுத்தேன். குகன் மாமாவின் முழங்கையைப் பிடித்துக்கொண்டு வோட்டுப் போடுகிற மறைப்புக்குள் போகப் பார்த்தார். மாமாவுக்குக் கண் சரியில்லை, தான் உதவி செய்யப் போவதாகச் சொன்னார். உதவி தேவை என்றால் போடுகிறவரே கேட்க வேண்டும் என்றேன். நான் மருமகன் தானே அண்ணை என்றார். யாராக இருந்தாலும் அவர்தான் கேட்க வேண்டும் என்றேன்.

மூவரும் கதிரவேலரைப் பார்த்தோம். அவர் குகனைப் பார்க்கவில்லை. என்னைப் பார்த்துச் சொன்னார்.

“நான் பேப்பர் வாசிக்கிறனான் தம்பி.”

குகனுடைய முகம் ஒரு கணம் மாறியது. பிறகு சிரித்துச் சமாளித்தார். “சரி, சரி. மாமாவுக்கு ஆருக்கெண்டு தெரியும். என்ன மாமா?”

“ஓம்,” என்றார் கதிரவேலர்.

இரவு எட்டு மணிக்கு எண்ண வருவதாகச் சொல்லிவிட்டுக் குகன் போய்விட்டார். வான் போகிற சத்தம் கேட்கும்வரை கதிரவேலர் சீட்டைக் கையில் வைத்துக்கொண்டு நின்றார். பிறகு என் மேசைக்குக் கிட்ட வந்தார்.

“தம்பி, இதுக்குள்ள போட்டா ஆருக்குத் தெரியவரும்?”

“ஒருத்தருக்கும் தெரியாது ஐயா.”

“உமக்கு?”

“எனக்கும் தெரியாது.”

அவர் அதோடு விடவில்லை. ஊரில் கூட்டுறவுச் சங்கக்கடை மனேஜராக இருந்தவராம். ஒரு தேர்தலில் ஊரே ஒரு பக்கம் நிற்க இவர் மறுபக்கம் போட்டாராம். எப்படியோ தெரிந்துவிட்டது. இரண்டு மாதத்தில் வேறு இடத்துக்கு மாற்றி, பிறகு வேலையையும் நிறுத்திவிட்டார்கள். சொல்லிவிட்டு, இங்கே விசயம் அப்படியில்லைத்தான் என்றார். குகனுடைய வான் போன பக்கம் கையைக் காட்டினார்.

“உவர் கோவிச்சா வரமாட்டார். மகளுக்குக் கார் ஓடத் தெரியாது. போன மாரியில ஒருக்காக் கோவிச்சவர். சினோப் பனி கரையுமட்டும் நான் பிள்ளையைக் காணேல்லை.”

ஞாயிற்றுக்கிழமைகளில் குகன் வந்து அவரை வீட்டுக்குக் கூட்டிப் போவார். மத்தியானம் மகளோடு சாப்பாடு. பின்னேரம் திருப்பிக் கொண்டுவந்து விடுவார். அவருக்கு ஒவ்வொரு கிழமையிலும் இருந்தது அவ்வளவுதான். மிச்சம் டயாலிசிஸ்.

யாருக்குப் போடப் போகிறார் என்பதையும் சொல்ல வாயெடுத்தார். நான் கையைக் காட்டி நிறுத்தினேன். சொல்ல வேண்டாம் ஐயா, நான் கேட்கக் கூடாது என்றேன். அவர் தலையாட்டிவிட்டு மறைப்புக்குள் போனார்.

மடித்த சீட்டோடு வந்து பெட்டிக்குள் போட்டார். போட்டுவிட்டு இடது கையை என் முன்னால் நீட்டினார். சின்ன விரல் மட்டும் நிமிர்ந்து இருந்தது. நகரசபைத் தேர்தலிலும் எங்கள் ஆட்கள் பலர் அப்படி நீட்டியதைப் பார்த்திருக்கிறேன். ஊரில் வோட்டுப் போட்டால் சின்ன விரலில் மை பூசுவார்கள். நாட்கணக்கில் போகாது.

“இங்கை மை இல்லை ஐயா,” என்றேன்.

விரலைத் திருப்பிப் பார்த்தார். “அப்ப ஒரு அடையாளமும் இல்லையோ?”

“இல்லை.”

“நல்லம்,” என்றார். வோக்கரைத் திருப்பிக்கொண்டு போனார்.

அதன் பிறகு ஒருவரும் வரவில்லை.

மத்தியானம் பெட்டியைத் தூக்கிக்கொண்டு நானும் பரீதாவும் அறை அறையாகப் போனோம். கட்டிலை விட்டு எழும்ப முடியாதவர்களிடம் நாங்கள்தான் போக வேண்டும். வோட்டுப் போடுங்கள் என்று கேட்கக் கூடாது. போட விருப்பமா என்று மட்டும் கேட்கலாம். பஸ்ஸில் போய்ப் போட்டுவிட்டதாகச் சிலர் சொன்னார்கள். இந்த வயதில் எதற்கு என்று சிலர் சொன்னார்கள். ஒருவர் பெட்டியைப் பார்த்துவிட்டுத் தனக்குச் சாப்பாடு வேண்டாம் என்றார். ஒரு அம்மா, வோட்டு வேண்டாம், இருந்துவிட்டுப் போங்கள் என்று கதிரையைக் காட்டினார். நாங்கள் இருக்கக் கூடாது. கதிரைக்குப் பக்கத்தில் கொஞ்ச நேரம் நின்றோம். அதற்கே நன்றி சொன்னார்.

அந்த நாட்களில் நான் ஒரு வீட்டின் நிலத்துக்குக் கீழான பேஸ்மென்ற் அறையில் தனியாக இருந்தேன். ஒரு கட்டில், ஒரு கதிரை. இல்லத்தில் பார்த்த அறைகளிலும் அவ்வளவுதான் இருந்தது. அவர்களுடைய ஜன்னல் என்னுடையதை விடப் பெரிது. வேறு வித்தியாசம் எனக்குத் தெரியவில்லை.

பின்னேரம் ரீவியில் சத்தத்தைக் குறைத்துவிட்டு இருந்தோம். பரீதா ஒரு பாவாடையின் கரையை மடித்துத் தைத்துக்கொண்டிருந்தார். பிங்கோ அம்மா இடைக்கிடை எப்போது தொடங்கும் என்று கேட்டார். பரீதா பற்களால் நூலைக் கடித்துவிட்டுச் சொன்னார்.

“இண்டைக்கு எண்ணுறது லேசு அண்ணை. கதிரவேலர் ஐயா ஆருக்குப் போட்டவரெண்டு வாசிச்சுப்போட்டு வீட்டை போவம்.”

சிரித்துக்கொண்டுதான் தொடங்கினார். முடிக்கும்போது சிரிப்பு இல்லை. என்னைப் பார்த்தார்.

நான் அதுவரைக்கும் அதை யோசிக்கவில்லை. ஒருவருக்கும் தெரியாது என்று கதிரவேலரிடம் சொன்னேன். எல்லாரிடமும் சொல்லுகிறதுதான். நகரசபைத் தேர்தலிலும் நூறு பேரிடம் மொழிபெயர்த்துச் சொல்லியிருப்பேன். நூறு சீட்டுக்குள் ஒரு சீட்டு ஒளிந்துவிடும். இங்கே ஒளிய இடம் இல்லை. எட்டு மணிக்குக் குகன் எனக்கு முன்னால் நிற்பார். நான் பெட்டியைத் திறந்து அந்த ஒரு சீட்டை அவருக்கு விரித்துக் காட்ட வேண்டும். யாருடைய பெயருக்கு எதிரே புள்ளடி அடையாளம் போட்டிருக்கிறது என்று அவரும் பார்ப்பார். அது அவருடைய உரிமை. அதை மறைத்தால் நான் குற்றவாளி.

தேர்தல் அலுவலகத்துக்குத் தொலைபேசி எடுத்தேன். தொலைபேசி நடைபாதை முடிவில் தாதிமாரின் மேசைக்குப் பக்கத்தில் சுவரில் இருந்தது. பெட்டியில் ஒரு வோட்டுத்தான் கிடக்கிறது, எண்ணினால் யாருடையது என்று தெரிந்துவிடும், வேறு பெட்டியோடு சேர்த்து எண்ணலாமா என்று கேட்டேன். எடுத்த பெண் களைத்திருந்தார். அவருக்குப் பின்னால் பல தொலைபேசிகள் அடிக்கிற சத்தம் கேட்டது. சேர்க்க முடியாது, ஒன்று என்றாலும் எண்ணத்தான் வேண்டும் என்றார். பிழையாகச் சொல்லவில்லை. சட்டம் அப்படித்தான்.

திரும்பவும் பெட்டியைத் தூக்கிக்கொண்டு அறை அறையாகப் போனோம். போட விருப்பமா, போட விருப்பமா. இந்தத் தடவை என் குரல் எனக்கே பிடிக்கவில்லை. பிச்சை கேட்கிற குரல். ஒருவருக்கும் விருப்பம் இல்லை. கதிரை காட்டிய அம்மா நித்திரை.

கதிரவேலரின் கதவுக்கு முன்னால் வந்தபோது அவர் கட்டிலில் இருந்து பேப்பர் வாசித்துக்கொண்டிருந்தார். எங்களைக் கண்டு தலையாட்டினார். நிம்மதியாக இருந்தார்.

திரும்பி வந்து மேசையில் இருந்தேன். சட்டைப் பையில் இருந்த துண்டு அப்போதுதான் ஞாபகம் வந்தது.

நான் போட்டால் பெட்டியில் இரண்டு. பரீதாவும் போட்டால் மூன்று. ஆனால் எண்ணிக்கை மட்டும் போதாது. நானும் பரீதாவும் எங்கள் விருப்பத்துக்குப் போட்டு, நடுவில் இருந்தவருக்கு ஒன்றும் விழாமல் போனால், மாமா தனக்குச் சொன்னபடி போடவில்லை என்று குகனுக்குத் தெரிந்துவிடும். நடுவில் ஒன்றாவது விழ வேண்டும். அது மாமாவுடையது என்று குகன் நினைத்துக்கொள்வார். பரீதாவிடம் யாருக்குப் போடு என்று சொல்ல எனக்கு உரிமை இல்லை. கதிரவேலர் யாருக்குப் போட்டார் என்று எனக்குத் தெரியாது. நிச்சயமாக என் கையில் இருந்தது என்னுடையது ஒன்றுதான்.

பரீதாவிடம் அவருடைய துண்டு இருக்கிறதா என்று கேட்டேன். கைப்பையில் இருக்கிறது என்றார். மூவரில் ஒருவரையும் பிடிக்கவில்லை, போடாமல் விடலாம் என்று இருந்தாராம்.

“ஒரு வோட்டுத் தனியக் கிடக்கு தங்கச்சி,” என்றேன்.

அவர் பெட்டியைப் பார்த்தார். பிறகு பாவாடையை மடித்து வைத்தார்.

“ஓம். தனியக் கிடந்தாக் குளிரும்,” என்றார். “ஆருக்கெண்டு சொல்லப்போறியளோ?”

“இல்லை.”

“நானும் சொல்லமாட்டன். முதல் நீங்கள் போங்கோ.”

போனேன். அட்டை மறைப்பு. பென்சில் நூலில் கட்டியிருந்தது. மேலே இருந்த பெயரைக் கொஞ்ச நேரம் பார்த்தேன். குடியுரிமை எடுத்த அன்று இந்த நாளைத்தான் நினைத்தேன். அன்று கூட வர ஒருவரும் இருக்கவில்லை. அங்கே தந்த சின்னக் கொடியைக் கையில் பிடித்துக்கொண்டு பஸ்ஸில் தனியாக வந்தேன். அடுத்த தேர்தலில் நானும் போடுவேன் என்று நினைத்துக்கொண்டுதான் வந்தேன்.

நடுவில் இருந்தவருக்குப் புள்ளடி போட்டேன்.

மடித்துக்கொண்டு வந்து பெட்டியில் போட்டேன். வாக்காளர் புத்தகத்தில் என் பெயருக்கு எதிரே பரீதா குறித்துக்கொண்டார். 

பிறகு அவர் போனார். கனநேரம் வரவில்லை. பென்சில் சத்தமும் கேட்கவில்லை. வெளியே வந்தபோது முகத்தில் ஒன்றும் தெரியவில்லை.

“இந்தக் கையால எத்தினை ஊசிக்கு நூல் கோத்திருப்பன்,” என்றார். “ஒரு புள்ளடிக்கு ஏன் இவ்வளவு நேரம் எண்டு தெரியேல்லை.”

போட்டுவிட்டு வந்து பாவாடையைத் திரும்ப எடுத்தார்.

எட்டு மணிக்குக் கதவை மூடினோம். வெளியே இன்னும் வெளிச்சம். குகன் முதலே வந்துவிட்டார். கோட்டைக் கழற்றிக் கையில் போட்டிருந்தார். களைத்திருந்தார். பரீதாவின் புத்தகத்தை எட்டிப் பார்த்தார்.

“மூண்டோ? முழு நாளைக்கும் மூண்டோ?”

“மூண்டுதான்,” என்றேன்.

“மாமா ஒண்டு. மற்ற ரெண்டும்?”

“நாங்கள்.”

அவர் என்னைப் பார்த்தார். பரீதாவைப் பார்த்தார். பிறகு நடைபாதைப் பக்கம் பார்த்தார். அந்தக் கடைசிப் பார்வைக்காகத்தான் நான் பயந்துகொண்டிருந்தேன்.

முத்திரையை உடைத்துப் பெட்டியைக் கவிழ்த்தேன். மூன்று சீட்டுகள். மூன்றும் ஒரே மாதிரி மடிப்பு. என்னுடையது எது என்று எனக்கே தெரியவில்லை.

முதல் சீட்டை விரித்தேன். மேலே இருந்தவர்.

குகன் கோட்டை மற்றக் கைக்கு மாற்றினார்.

இரண்டாவதை விரித்தேன். நடுவில் இருந்தவர். குகனுக்கு மூச்சு வந்தது. என்னுடையது அதுதான், மற்றது கீழே இருந்தவருக்காக இருக்கும் என்று நினைத்துக்கொண்டு மூன்றாவதை விரித்தேன்.

அதுவும் நடுவில் இருந்தவர்.

பரீதாவைப் பார்க்கக் கூடாது என்று நினைத்தேன். பார்க்கவில்லை. அவரும் குனிந்து எழுதிக்கொண்டிருந்தார்.

“மூண்டில ரெண்டு,” என்றார் குகன். “இந்த ஹோமில நாங்கள் வெண்டிட்டம்.” பிறகு என்னைப் பார்த்துக் கொஞ்சம் சிரித்தார். “மற்றது ஆருடையது எண்டும் தெரியும். டோனட்டையே தொடாத ஆள்.”

கோபமாகச் சொல்லவில்லை. அது என்னுடையது இல்லை என்று நான் சொல்ல முடியாது.  சொன்னால் முழுவதும் போய்விடும். நான் மற்றப் பக்கத்து ஆள் என்ற கதை பிறகு எங்கள் ஆட்களுக்குள் போனது. கோயிலில் என்னோடு கதைத்துக்கொண்டிருந்த இரண்டு மூன்று பேர் கதைக்கிறதை விட்டார்கள். எனக்கு ஏற்கெனவே அதிகம் பேர் இருக்கவில்லை.

பிங்கோ அம்மா மேசையில் இருந்த மூன்று சீட்டுகளையும் பார்த்தார். முடிந்துவிட்டதா என்று கேட்டார். முடிந்துவிட்டது என்றோம். யார் வென்றது என்று கேட்டார். இன்னும் தெரியாது என்றேன். நாற்காலியைத் திருப்பிக்கொண்டு போனார்.

குகன் மாமாவின் அறைக்குப் போனார். கதவு திறந்திருந்தபடியால் கேட்டது.

“தாங்ஸ் மாமா.”

“உது என்ன பெரிய விசயம்,” என்றார் கதிரவேலர்.

“ஞாயிற்றுக்கிழமை வாறன். உங்கட மகள் நண்டு வாங்கச் சொன்னவ.”

“வாங்கும்.”

அதற்குப் பிறகு இரண்டொரு நிமிடம் ஊர்க்கதை. வான் போகிற சத்தம் கேட்டது.

இப்போது உங்களுக்கு விளங்கியிருக்கும். நடுவில் விழுந்த இரண்டில் ஒன்று என்னுடையது. மற்றது யாருடையது என்று எனக்குத் தெரியாது. கதிரவேலர் மருமகன் சொன்னபடியே போட்டிருக்கலாம். அப்படியென்றால் பரீதா தன் விருப்பத்துக்கு மேலே இருந்தவருக்குப் போட்டார். நான் கொடுத்தது வீண். இல்லையென்றால் கதிரவேலர் தன் விருப்பத்துக்கு மேலே இருந்தவருக்குப் போட்டார், பரீதாவும் என்னைப் போலவே கணக்குப் பார்த்துத் தன்னுடையதைக் கொடுத்துவிட்டார். இரண்டில் எது என்று இன்றைக்கும் தெரியாது. எனக்கும் தெரியாது என்று கதிரவேலரிடம் சொல்லியிருந்தேன். அது அப்படியே ஆகிவிட்டது.

பரீதாவின் கடைக்குப் பல தடவை போயிருக்கிறேன். காற்சட்டைக் கால் குறைக்க, ஸிப் மாற்ற. வேறு தேர்தல்களிலும் சேர்ந்து வேலை செய்தோம். எத்தனையோ கதை கதைத்தோம். அதை மட்டும் கேட்கவில்லை. கேட்டால் சொல்லியிருப்பார். அதனால்தான் கேட்கவில்லை.

அந்த இல்லத்துக்கு முன்னால் போகிற பஸ்ஸில் நான் சில ஞாயிற்றுக்கிழமைகளில் போவதுண்டு. எனக்கு அந்தப் பக்கம் அலுவல் இல்லை. ஒரு தடவை குகனுடைய வான் வாசலில் நிற்பதைக் கண்டேன். முன் சீற்றில் ஒரு பெண். பின்கதவைத் திறந்து குகன் வோக்கரை மடித்து ஏற்றிக்கொண்டிருந்தார். பஸ் நிற்கவில்லை. அவ்வளவுதான் கண்டேன்.

நான் செய்ததை நீங்களும் செய்யுங்கள் என்று சொல்ல வரவில்லை. சட்டத்தில் பிழை இல்லை. வோட்டு என்னுடையது, நான் விரும்பியபடி போட்டேன். ஆனால் நான் விரும்பியவருக்குப் போடவில்லை. இரண்டும் உண்மை. அதோடு இருக்கப் பழக வேண்டும். உங்களுக்குச் சொல்ல வந்தது வேறு. ஒருவருக்கும் தெரியாது என்று நீங்கள் நாள் முழுக்கச் சொல்லுவீர்கள். வாய் பழகிவிடும். கேட்கிறவர் அதை ஒரு தடவைதான் கேட்கிறார். அதை நம்பித்தான் பென்சிலை எடுக்கிறார். சொன்ன பிறகு அதற்குக் காவல் நீங்கள்தான். அலுவலகம் இல்லை.

அன்று கடைசி வேலை, முடிவைத் தொலைபேசியில் சொல்லுவது. பரீதா சாமான்களைக் கட்டிக்கொண்டிருந்தார். நான் நடைபாதை முடிவுக்குப் போய் எடுத்தேன். முதலில் கதைத்த அதே பெண்தான் எடுத்தார். மேலே இருந்தவருக்கு எத்தனை என்று கேட்டார். ஒன்று என்றேன். நடுவில் இருந்தவருக்கு? இரண்டு. கீழே இருந்தவருக்கு? இல்லை.

அவர் எழுதிக்கொள்ளும்வரை நின்றேன். அந்த இடத்திலிருந்து கதிரவேலரின் அறை தெரிந்தது. வெள்ளைச் சட்டையைக் கழற்றிக் கதிரையில் மாட்டியிருந்தார். கட்டில் ஓரத்தில் இருந்து, ஜன்னல் வெளிச்சத்தில் இடது கையின் சின்ன விரலைத் திருப்பித் திருப்பிப் பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு நிமிர்ந்து என்னைக் கண்டார். விரலை மடித்துக்கொண்டார்.

மொத்தம் எத்தனை என்று கேட்டார் அந்தப் பெண்.

மூன்று.